தொப்பி ஓடிய நாலரை மைல்

1934 ஆகஸ்ட் 28, செவ்வாய்

இன்று முதல் நானும் எழுதுகிறேன். எங்கள் வேட்டைச் சங்கத் தலைவர் கர்னல் துரை எழுதும்போது ஆறுக்குட்டி எழுதினால் என்ன குறைச்சல்? ஒவ்வொரு வேட்டை முடிந்ததும் சிவப்புத் தோல் அட்டை போட்ட ஒரு புத்தகத்தில் அவர் தேதி போட்டு எழுதுகிறார். எத்தனை நாய் போனது, நரி எந்தச் சோலையில் எழும்பியது, எத்தனை மைல் ஓடியது, கடைசியில் என்ன ஆனது, எல்லாம். அந்தப் புத்தகத்தைத் தூசி தட்டும் பொறுப்பு என்னுடையது. என்னுடைய நோட்டு, கிளப்பில் வேண்டாம் என்று எறிந்தது. முதல் இரண்டு பக்கத்தை எலி தின்றிருக்கிறது. மற்றபடி புதுசு.

பிற்காலத்தில் இதைப் படிப்பவர்களுக்காக என்னைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்கிறேன். வயது நாற்பத்தாறு. சொந்த ஊர் காரமடைப் பக்கம். படிப்பு நான்காம் வகுப்பு, அதையும் இரண்டு முறை படித்தவன். ஒரு முறை படித்தவனைவிட இரண்டு பங்கு படித்தவன் என்றே வைத்துக்கொள்ளலாம். உத்தியோகம், சோலைமட்டம் வேட்டைச் சங்கத்தில் நாய்களின் ஆகார அதிகாரி. முப்பத்துநான்கு நாய்களும் என் கையால்தான் சாப்பிடும். ஓட்ஸும் எலும்பும் போட்டு அண்டாவில் காய்ச்சுவது லேசான காரியம் இல்லை.

இந்த வேட்டை என்ன வேட்டை என்று கேட்பீர்கள். வெள்ளைக்காரர்கள் சீமையில் நரியை நாய் விட்டுத் துரத்தி, பின்னாலேயே குதிரையில் ஓடுவார்கள். தின்பதற்கு இல்லை, தோலுக்கும் இல்லை. ஓடுவதற்கு. இந்த மலைக்கு வந்த பிறகும் அது இல்லாமல் அவர்களுக்குத் தூக்கம் வரவில்லை. சீமை நரி இங்கே இல்லாததால் நம்ம ஊர் நரியையே அந்த வேலைக்கு வைத்துக்கொண்டார்கள். நாய்கள் மட்டும் கப்பலில் வந்தன.

இதில் சட்டங்கள் அதிகம். நாயை நாய் என்று சொல்லக் கூடாது, அதற்கு வேறு பேர். ஒன்று இரண்டு என்று எண்ணக் கூடாது, ஜோடி ஜோடியாகத்தான் எண்ண வேண்டும். சிவப்புக் கோட்டைச் சிவப்பு என்றால் பாவம். எல்லாவற்றையும்விடப் பெரிய பாவம் நரியைத் துப்பாக்கியால் சுடுவது. சுட்டவனோடு ஒரு மேஜையில் உட்கார்ந்து எந்தத் துரையும் சாப்பிட மாட்டான். நாய் கடித்துக் கிழிக்கலாம், அது மரியாதை. நம்மவர்கள் யாரும் இதில் குதிரை ஏற முடியாது. சமவெளியிலிருந்து ஒரு ஜமீன்தார் எட்டு வருஷமாகக் கேட்டுக்கொண்டிருக்கிறார். எட்டு வருஷமாக “அடுத்த வருஷம்” என்கிறார்கள்.

இதை எழுதும்போது என் தலையில் இருப்பது கர்னல் துரையே கொடுத்த, கம்பளியை அழுத்திச் செய்த பழுப்பு ஃபெல்ட் தொப்பி. சிறுத்தை ஒன்று அவர்மேல் பாய்ந்தபோது நான் குறுக்கே விழுந்ததற்காகக் கொடுத்தது.

ஆகஸ்ட் 30, வியாழன்

நான் இருப்பது அக்கா வீட்டில். நாச்சக்காவுக்கு ஆண் துணை வேண்டுமே என்று நான்தான் பெரிய மனது பண்ணி வந்து தங்கியிருக்கிறேன். மூன்று வேளையும் அவள் சோறு போடுகிறாள், அது வேறு விஷயம். மச்சான் தவறிப் பதினோரு வருஷம் ஆகிறது. அவர் வெட்டித் திருத்திய ஒன்றரை ஏக்கர் உருளைக்கிழங்குக் காட்டை அக்காவும் மயிலாத்தாவும் பார்த்துக்கொள்கிறார்கள். மயிலா என் அக்கா மகள், பத்தொன்பது வயது, வாய் எனக்குச் சமம்.

மயிலாவுக்குப் போன தையிலேயே கல்யாணம் நடந்திருக்க வேண்டும். மாப்பிள்ளை வீட்டாருக்குச் சம்மதம், ஜாதகம் சம்மதம். கிழங்கு மட்டும்தான் பாக்கி. அறுவடைக்கு இரண்டு வாரம் இருக்கும்போது, கடைசி வேட்டை நாளன்று நாற்பது குதிரைகள் காட்டுக்குள்ளேயே ஓடின. கீழ்ப்படி, மேல்படி எல்லாம் கஞ்சி. விதைக் கிழங்குகூட மிஞ்சவில்லை. இந்தச் சரிவில் இருக்கிற கிழங்குக்காரர்கள் எல்லோரும் சேர்ந்து மனுக் கொடுத்தார்கள். குதிரைக் குளம்பு பட்டால் மண்ணுக்கு நல்லது என்று பதில் வந்தது. கிறிஸ்துமஸுக்கு ஆளுக்கு ஒரு பாட்டில் ஆரஞ்சுப் பழ ஜாம் வந்தது. கசப்பு ஜாம். அக்கா அதைக் கொட்டிவிட்டுப் பாட்டிலில் உப்புப் போட்டு வைத்திருக்கிறாள்.

இன்று மாப்பிள்ளையின் பெரியப்பா வந்தார்.

“இந்தத் தையாவது நெசந்தானுங்களா?” என்று கேட்டார்.

நான் தொப்பியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டு சொன்னேன், “ஏனுங்க, கர்னல் தொரை என்ற பேச்சத் தாண்ட மாட்டாருங்க. இந்த வருஷம் ஒரு குதிரக் கால் இந்தக் காட்டுல பட்டா, என்ற பேர மாத்தி வைங்க.”

“அந்தத் தொப்பி தொரை குடுத்ததுங்களா?”

“அவரு பொண்டாட்டி ஆத்துல முழுகப் பாத்தாங்க. முடியப் புடிச்சு இழுத்துக் கரையேத்துனேன்.”

மயிலா உள்ளே இருந்து, “போன தடவ சிறுத்தை இல்லீங்களா மாமா?” என்றாள். சிறுத்தை வேறு நாள் என்று சொன்னேன்.

அக்கா தொப்பியையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

பெரியப்பாவைக் காட்டுக்குக் கூட்டிப்போய் வேலியைக் காட்டினேன். மூங்கில் படல், கயிற்றுக் கட்டு. அந்த முடிச்சு என் சொந்தக் கண்டுபிடிப்பு. மூன்று சுற்று, ஒரு உள்மடிப்பு. பழக எனக்கு மூன்று வருஷம் ஆயிற்று. எமனே வந்தாலும் அறுக்கத்தான் வேண்டும், அவிழ்க்க முடியாது.

செப்டம்பர் 1, சனி

இன்று வேட்டை. காலையில் கிளம்பும்போதே நரி முகத்தில் விழித்தேன். அக்கா காட்டு ஓரத்தில் ஒரு பெரிய பாறை இருக்கிறது. அதன் அடியில் ஒரு நரி குடியிருக்கிறது. காட்டு எலியைப் பிடித்துத் தின்றுகொண்டு, தானுண்டு தன் பொந்துண்டு என்று இருக்கும். வேட்டைக்கு முன்னால் நரிப் பொந்துகளைக் கல் வைத்து அடைப்பதும் என் வேலைகளில் ஒன்று. நரி ஓடி வந்து வீட்டுக்குள் புகுந்துகொண்டால் விளையாட்டுக் கெட்டுப்போகுமாம். பாறைப் பொந்தை மட்டும் நான் அடைத்ததில்லை. குனிந்தால் இடுப்புப் பிடிக்கிறது.

நரி முகத்தில் விழித்த பலன் எனக்குத்தான் கிடைத்தது, துரைக்கு இல்லை. மூன்று சோலை தேடியும் ஒரு நரியும் எழும்பவில்லை. ஒரு முயல் எழும்பியது. நாய்கள் அதன் பின்னால் போனது வெட்கக்கேடு என்று துரை அரை மணி நேரம் திட்டினார். சிவப்புப் புத்தகத்தில் என்ன எழுதினார் என்று நாய் மேஸ்திரி சாமிதாஸைக் கேட்டேன். மிஷன் பள்ளியில் படித்தவன், இங்கிலீஷ் தெரியும்.

“வாசனை பிடிக்காத வானிலைன்னு எழுதியிருக்காரு.”

“முயல்?”

“முயலே இல்ல.”

எழுத்து என்பது எவ்வளவு வசதியான சாமான் என்று இன்றைக்குத்தான் புரிந்தது.

செப்டம்பர் 4, செவ்வாய்

மழை. கஞ்சி தீய்ந்தது. நாய்களுக்கு அந்த ருசி பிடித்திருந்ததாகத் தெரிகிறது.

செப்டம்பர் 8, சனி

இன்று நான் வாயை மூடிக்கொண்டு இருந்திருக்கலாம்.

இந்த வருஷத்துக் கடைசி வேட்டை 22ஆம் தேதி. சீமையிலிருந்து ஒரு பிரபு விருந்தாளியாக வருகிறாராம். அவர் பாட்டன் காலத்திலிருந்து சொந்தமாக நாய்க்கூட்டம் வைத்திருக்கிற வம்சம். “இங்கே வெள்ளைக்காரன் கழுதை ஓட்டுகிறான்” என்று ஊருக்குப் போய் அவர் சொல்லிவிட்டால் கர்னல் துரைக்கு மானம் போய்விடும். பாவம், மனிதர் முகத்தில் ரத்தமே இல்லை. லாயத்தில் நின்று, “நரி இல்லை, நரி இல்லை” என்று தன்னோடு பேசிக்கொண்டிருந்தார்.

அவருக்கு ஆறுதலாக இருக்கட்டும் என்று சொன்னேன். “தொரை கவலப்பட வேண்டாமுங்க. இந்த மலையில இருக்குற ஒவ்வொரு நரியும் எனக்குப் பேரு சொல்லித் தெரியுமுங்க. ஒண்ணு இருக்குது, கன்னுக்குட்டி ஒசரம். அதப் புடிக்க இன்னும் நாய் பொறக்கலீங்க.”

“எங்கே?” என்றார்.

வாய் ஒரு தடவை ஓட ஆரம்பித்தால் என்னால் முன்னால் போய் நிறுத்த முடிவதில்லை. “கெழங்குக் காட்டுப் பாறைக்கு அடியிலீங்க தொரை” என்றேன்.

துரை என் தோளைத் தட்டினார். அவருடைய தமிழில் சொன்னார், “ரொம்ப நல்ல ஆள். கடைசி வேட்டை அங்கே. நீ போன வருஷம் மாதிரி வேலி தொற. சரி?”

நானும் சரி என்று சொல்லிவிட்டேன்.

செப்டம்பர் 9, ஞாயிறு

“போன வருஷம் மாதிரி” என்று துரை சொன்னது ஒரு பேச்சுக்குத்தான். அதைப் பற்றி விளக்கமாக எழுத வேண்டியதில்லை.

குளிர் அதிகம். தொப்பி போடவில்லை.

செப்டம்பர் 11, செவ்வாய்

சோறு போடும்போது அக்கா கேட்டாள், “தொரைகிட்டச் சொன்னயாடா?”

“சொல்லிட்டேன்க்கா.”

“என்ன சொன்னாரு?”

“ஆறுக்குட்டி, உன்ற அக்கா என்ற அக்கா மாதிரின்னாரு.”

அக்கா இன்னொரு கரண்டி குழம்பு ஊற்றினாள். களியைத் தட்டிலேயே வைத்துவிட்டேன். ராகி பழசு போலிருக்கிறது.

செப்டம்பர் 13, வியாழன்

நரியையே வேறு இடத்துக்குக் குடி மாற்றிவிட்டால் தீர்ந்தது என்று தோன்றியது. விடிந்ததும் பாறைக்குப் போய் மண்ணெண்ணெய் டின்னைத் தட்டினேன். வெளியே வந்தது. என்னைப் பார்த்தது. கொட்டாவி விட்டது. முன்னங்கால் இரண்டையும் நீட்டி நெட்டி முறித்துவிட்டுத் திரும்ப உள்ளே போய்விட்டது. கன்றுக்குட்டி உயரம் என்று சொல்லியிருக்கக் கூடாது, பூனையைவிடக் கொஞ்சம் பெரிசு.

டின் சத்தம் கேட்டு மயிலா வந்தாள். “என்ன மாமா பண்றீங்க?”

“எலி விரட்டறேன் அம்மிணி.”

“எலிய நரி பாத்துக்கும். நீங்க பல்லு வெளக்கிட்டு வாங்க.”

செப்டம்பர் 15, சனி

வழி பிறந்துவிட்டது! நரி முகம் சும்மா இல்லை.

மத்தியானம் சாமிதாஸ் தூக்குப்போசியைத் திறந்து சாப்பிட உட்கார்ந்தான். கருவாட்டுக் குழம்பு. அடுத்த நிமிஷம் கொட்டடிக் கதவு பெயர்ந்துகொண்டு வந்தது. முப்பத்துநான்கு சீமை நாய்களும் அவன்மேல் ஏறி நின்றன. பெட்டை நாய் டெய்ன்டி இருக்கிறதே, தலைமை நாய், தாத்தன் பாட்டன் பெயரெல்லாம் துரையின் புத்தகத்தில் எழுதியிருக்கிற நாய், அது போசிக்குள் தலையை விட்டு எடுக்க முடியாமல் போசியோடு மைதானத்தைச் சுற்றி வந்தது.

“எஞ் சோறு! எஞ் சோறு!” என்று சாமிதாஸ் கத்தினான். “சிரிக்காதய்யா, கஞ்சிக்காரா!”

நான் சிரிக்கவில்லை, யோசித்துக்கொண்டிருந்தேன். இந்த நாய்களுக்குக் கண் முக்கியம் இல்லை, மூக்குத்தான். மூக்கு எங்கே போகிறதோ அங்கே நாய் போகும். நாய் எங்கே போகிறதோ அங்கே நாற்பது குதிரையும் போகும். அப்படியானால் அன்றைக்கு மூக்கு எங்கே போக வேண்டும் என்று தீர்மானிப்பது யார்? ஆகார அதிகாரி.

செப்டம்பர் 18, செவ்வாய்

சந்தைக்குப் போனேன். கருவாட்டுக்காரம்மாவிடம், “இருக்கறதுலயே ரொம்ப நாறுறது எது?” என்று கேட்டேன்.

“எல்லாரும் நாறாததுதான் கேப்பாங்க” என்று என்னை ஒரு மாதிரி பார்த்தாள். “சுறா இருக்குது. போன மாசத்து மழையில நனஞ்சது. தூக்கிப் போடலாமுன்னு வெச்சிருக்கேன்.”

“அதேதான் குடுங்க.”

“ஊட்டுல யாராச்சும் விருந்தாளி போகாம உக்காந்திருக்காங்களா?”

வீட்டில் வைக்க முடியவில்லை. மயிலா மூக்கை முந்தானையால் மூடிக்கொண்டு, “மாமா, ஒண்ணு அது இருக்கோணும், இல்லாட்டி நான் இருக்கோணும்” என்றாள். பாறையடியில் கொண்டுபோய் ஒளித்து வைத்தேன். நரி முகர்ந்து பார்த்துவிட்டு இரண்டு அடி தள்ளிப் படுத்துக்கொண்டது. நரியே வேண்டாம் என்ற கருவாடு.

செப்டம்பர் 21, வெள்ளி

திட்டம் இது. நாளை எட்டு மணிக்குக் கிளப் புல்தரையில் எல்லோரும் கூடுவார்கள். குதிரைமேலேயே உட்கார்ந்து ஆளுக்கு ஒரு கிண்ணம் ஒயின் குடிப்பார்கள், அது சடங்கு. ஒன்பது மணிக்கு மேற்குச் சோலை. அங்கே தொடங்கிப் பாறைக்கு வர வேண்டும் என்பது துரையின் கணக்கு. நான் வேலியைத் திறந்துவிட்டு அங்கேயே நிற்பதாக நினைத்துக்கொண்டிருப்பார். நான் அங்கே இருக்க மாட்டேன். ஏழு மணிக்கே சோலை வாசலிலிருந்து கருவாட்டைக் கயிற்றில் கட்டி இழுத்துக்கொண்டு நேர் எதிர்த்திசையில் போவேன். புல்மேடு, கோல்ஃப் மைதானம், அதற்குக் கீழே ஓடை. ஓடையில் எறிந்துவிட்டால் வாசனை போச்சு. நல்ல பிள்ளையாக வீட்டுக்கு வந்துவிடலாம்.

ஒரு சிக்கல். கருவாடு நனைந்தது, இழுத்தால் உதிர்கிறது. எதிலாவது போட்டுக் கட்டி இழுக்க வேண்டும். வாசனை கசிய வேண்டும், ஆனால் கிழியக் கூடாது. சாக்கு கனம். துணி கிழியும். கெட்டியான ஃபெல்ட் சாமான் ஏதாவது இருந்தால் நன்றாக இருக்கும்.

ரொம்ப நேரம் யோசித்தேன்.

இந்த நோட்டை யாரும் இப்போதைக்குப் படிக்கப் போவதில்லை, எழுதிவிடுகிறேன். சிறுத்தை இல்லை. துரைசாணி ஆற்றில் விழவில்லை. போன வருஷம் கடைசி வேட்டையில் நரி அக்கா காட்டுக்குள் புகுந்தது. வேலிக்கு வெளியே நாற்பது குதிரை நின்றது. துரை என்னைப் பார்த்து, “தொற!” என்று கத்தினார். நான் திறந்தேன். என் முடிச்சை என் கையால் அவிழ்த்தேன். எல்லோரும் உள்ளே போன பிறகு துரை திரும்பி வந்து, “நல்ல ஆள்” என்று சொல்லித் தன் தலைத் தொப்பியைக் கழற்றி என் தலையில் வைத்தார். எனக்கு அப்போது பெருமையாகத்தான் இருந்தது. அதுதான் மோசம்.

கருவாடு தொப்பிக்குள் கச்சிதமாக உட்கார்ந்தது. என் முடிச்சைப் போட்டுக் கட்டினேன்.

செப்டம்பர் 22, சனி

உயிரோடு இருக்கிறேன். நாளைக்கு எழுதுகிறேன்.

செப்டம்பர் 23, ஞாயிறு

பிரபு என்று ஒருவர் வந்தாரே, அவருக்குப் பொறுமை கிடையாது. ஒயினும் வேண்டாம், சடங்கும் வேண்டாம், நரி எங்கே என்று கேட்டுவிட்டாராம். எட்டு மணிக்குக் கூட வேண்டியவர்கள் ஏழரைக்கே நாயை அவிழ்த்துவிட்டார்கள்.

நான் அப்போது புல்மேட்டில், ஒரு மைல் தூரம் வந்திருந்தேன். காற்று நல்ல காற்று. தொப்பி எனக்குப் பத்தடி பின்னால், வளர்த்த ஆடு மாதிரிச் சமர்த்தாக வந்துகொண்டிருந்தது. ஒரு பாட்டுக்கூட முணுமுணுத்தேன். திடீரென்று சோலைப் பக்கம் ஊதுகொம்புச் சத்தம். அதற்கு மேல் நாய்களின் கூச்சல். ஐந்து வருஷமாக அந்தக் கூச்சலைக் கேட்கிறேன், எப்போதும் பின்னாலிருந்து கேட்டவன். முன்னாலிருந்து கேட்டால் அது வேறு மாதிரி இருக்கிறது. நரிகளுக்கு என் வணக்கம்.

ஓடினேன். நான் ஓடிய வேகத்தை எழுதினால் நம்ப மாட்டீர்கள், ஆகையால் எழுதவில்லை. கயிற்றை விட்டுவிட்டு ஓடியிருக்கலாம் என்று பிற்பாடு தோன்றியது. அப்போது தோன்றவில்லை. தொப்பி அங்கேயே கிடந்தால் நாய்கள் அதோடு நின்றுவிடும், துரை திரும்ப ஆளைக் கூட்டிக்கொண்டு பாறைக்குப் போவார் என்று மட்டும் தோன்றியது. கையில் கயிற்றைச் சுற்றிக்கொண்டேன்.

கோல்ஃப் மைதானத்தில் இரண்டு துரைசாணிகள். ஒரு அம்மாள் குனிந்து குழியைப் பார்த்துக்கொண்டு பந்தை உருட்டப் போகிறாள். பந்துக்கும் குழிக்கும் நடுவில் நான் போனேன். எனக்குப் பின்னால் தொப்பி போனது. “குட்மார்னிங் மேடம்” என்றேன், மரியாதையை விடவில்லை. அவள் ஏதோ கத்த வாயைத் திறந்தாள். திறந்தபடியே நின்றாள், ஏனென்றால் அதற்குள் முப்பத்துநான்கு நாயும் வந்துவிட்டன. நாற்பது குதிரைகள் வந்தபோது இரண்டு பேரும் மணல் குழிக்குள் இருந்தார்கள். முடி வெட்டி, பூப்போல வளர்த்த புல்தரை. இன்று போய்ப் பார்த்தேன், அக்கா காடு போன வருஷம் இருந்த மாதிரியே இருக்கிறது. குளம்பு பட்டால் மண்ணுக்கு நல்லது.

ஓடைக்கு நூறு கஜம் இருக்கும்போது கால் தடுக்கி விழுந்தேன். முடிந்தது கதை என்று கண்ணை மூடிக்கொண்டேன். மூஞ்சியில் ஈரமாக ஏதோ பட்டது. டெய்ன்டி நக்கியது. பிறகு எல்லாம் நக்கின. முப்பத்துநான்கு வாலும் ஆடுகின்றன. கஞ்சிக்காரனைப் பார்த்த சந்தோஷம்! என்மேல் ஒரு பல் படவில்லை. தொப்பியைத்தான் பங்கு போட்டன. இழுத்தன, கிழித்தன, கருவாட்டை விழுங்கின. என் முடிச்சு மட்டும் கடைசி வரை அவிழவில்லை என்பதை இங்கே பதிவு செய்கிறேன்.

குதிரைகள் வந்து சுற்றி நின்றன. சிவப்புக் கோட்டுகள், மூச்சு, ஆவி. நான் நாய்களுக்கு நடுவில் உட்கார்ந்திருந்தேன். பிரபுவின் கன்னமெல்லாம் சேறு. அவர் இங்கிலீஷில் ஏதோ கேட்டார். “நரி எங்கே?” என்று கேட்டதாகச் சாமிதாஸ் பிறகு சொன்னான்.

கர்னல் துரை குதிரையிலிருந்து இறங்கினார். கீழே கிடந்த ஒரு துண்டை எடுத்தார். தொப்பியின் உள்பட்டை. அதில் அவருடைய பெயர் பொறித்திருக்கும். மூக்குக்கிட்டே கொண்டுபோனார். கண்ணில் தண்ணீர் வந்தது. என்னைப் பார்த்தார். என் வேலை போச்சு, என் முதுகும் போச்சு என்று நினைத்தேன்.

துரை அந்தத் துண்டைக் கோட்டுப் பையில் போட்டுக்கொண்டார். பிரபு பக்கம் திரும்பித் தன் தலையில் இருந்த தொப்பியைத் தூக்கி, “பொந்துக்குள் போய்விட்டது. அருமையான ஓட்டம்” என்றார். இங்கிலீஷில்தான். ஆனால் எனக்கே புரிந்துவிட்டது.

“எந்தப் பொந்து?” என்று பிரபு கேட்டிருக்கலாம். கேட்கவில்லை. நான் உட்கார்ந்திருந்த இடத்தையே கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு அவரும் தொப்பியைத் தூக்கினார். நாற்பது பேரும் தூக்கினார்கள். வெள்ளிக் குப்பிகள் வெளியே வந்தன, ஒருவர் முதுகை ஒருவர் தட்டிக்கொண்டார்கள். நாற்பது பேர் என்னைப் பார்த்தார்கள், ஒருவர் கண்ணிலும் நான் படவில்லை. சீமை நாய்கள் சமையல்காரனைத் துரத்தின என்று ஒருவர் சொல்லிவிட்டால், பின்னால் ஓடி வந்த நாற்பது பேரும் யார்?

பாறைப் பக்கம் யாரும் போகவில்லை. சாயங்காலம் வேலியைப் போய்ப் பார்த்தேன். கட்டிய முடிச்சு கட்டியபடி இருந்தது.

செப்டம்பர் 26, புதன்

பத்திரிகையில் வந்துவிட்டது. சாமிதாஸ் படித்துச் சொன்னான். “நாலரை மைல், தடங்கல் இல்லாமல் முப்பத்தைந்து நிமிஷம், இந்த மலையில் இருபது வருஷத்தில் காணாத வேட்டை. கிழட்டு ஆண் நரி, அசாத்திய தைரியசாலி” என்று போட்டிருக்கிறது.

மூன்று மைல்தான் இருக்கும். நானே மூன்று என்கிறேன், பார்த்துக்கொள்ளுங்கள். கிழட்டு என்று எழுதியதும் பிடிக்கவில்லை.

கிளப் சுவரில் இன்று ஒரு நரித்தலை ஏறியிருக்கிறது. கீழே பித்தளைத் தகடு, 22ஆம் தேதி போட்டு. பொந்துக்குள் போன நரியின் தலை எப்படிச் சுவருக்கு வந்தது என்று யாரும் கேட்கவில்லை. அந்தத் தலை எனக்குத் தெரிந்த தலைதான். பழைய சாமான்கள் போடும் உக்கிராண அறையில் ஐந்து வருஷமாக நான் தூசி தட்டுவது. இடது காது பூச்சி அரித்திருக்கும்.

இத்தனை நாளும் புளுகில் என்னை மிஞ்ச ஆள் இல்லை என்று நினைத்துக்கொண்டிருந்தேன். எனக்குச் சிறுத்தை மட்டும்தான் தெரிந்தது. இவர்கள் பித்தளையில் அடித்து மாட்டுகிறார்கள்.

செப்டம்பர் 29, சனி

துரை கூப்பிட்டனுப்பினார். மேஜைமேல் சிவப்புப் புத்தகம். பக்கத்தில் அந்த உள்பட்டைத் துண்டு. ஜன்னல் எல்லாம் திறந்திருந்தது.

“நீ வேலி தொறந்தாயா?”

“இல்லீங்க தொரை.”

“ஏன்?”

நான்கு கதை தயாராக வைத்திருந்தேன். ஒன்றில் பாம்புகூட வரும். ஒன்றும் வாயில் வரவில்லை. “அது எங்கக்கா காடுங்க தொரை” என்றேன். அவ்வளவுதான் சொன்னேன். என் குரலே எனக்கு அடையாளம் தெரியவில்லை.

துரை பேனாவைக் கீழே வைத்தார். “போன வருஷம்?”

“போன வருஷமும் எங்கக்கா காடுதானுங்க.”

துரை தொண்டையைக் கனைத்தார். அலமாரியைத் திறந்தார். ஜாம் பாட்டில்தான் வரப்போகிறது என்று நினைத்தேன். வந்தது ஒரு தொப்பி. பழுப்பு ஃபெல்ட், புதுசு.

“பிரபு அடுத்த வருஷம் மறுபடி வர்றார்” என்றார். “ரொம்ப சந்தோஷம் அவருக்கு. கடைசி வேட்டை இனிமேல் எப்பவும் கோல்ஃப் பக்கம். ஆனால்...” என்று குரலைத் தாழ்த்தினார். “அதே நரி வேணும்.”

“அதே நரிங்களா தொரை?”

“அதே நரி.” என் காலிலிருந்து தலைவரை பார்த்தார். “இன்னும் கொஞ்சம் வேகமா.”

செப்டம்பர் 30, ஞாயிறு

டீக்கடையில் நடந்தது நடந்தபடி, ஒரு சொல் கூட்டாமல் சொன்னேன். வாழ்க்கையில் முதல் தடவை. எல்லோரும் டீயைத் துப்பிச் சிரித்தார்கள். “ஆறுக்குட்டியண்ணா, சிறுத்தைக் கதையாச்சும் ஒரு மாதிரி இருந்துச்சுங்க. இது ரொம்ப அதிகமுங்க” என்றான் கடைக்காரன்.

சிறுத்தைக் கதையையே மறுபடி சொல்லிவிட்டு வந்தேன்.

அக்டோபர் 7, ஞாயிறு

கிழங்கு தோண்டினோம். நான், அக்கா, மயிலா, மாப்பிள்ளை வீட்டிலிருந்து இரண்டு பேர். செடியைப் பிடித்து இழுத்தால் கொத்துக்கொத்தாக வருகிறது. மூட்டை பிடிக்கச் சாக்குப் போதவில்லை. மாப்பிள்ளையின் பெரியப்பா ஒரு கிழங்கைக் கையில் வைத்து உருட்டிப் பார்த்து, “தை பத்து வெச்சுக்கலாமுங்களா?” என்று கேட்டார். மயிலா அந்தப் பக்கம் திரும்பிக்கொண்டு மிகவும் அவசரமாக வேலை செய்தாள்.

மத்தியானம் எல்லோரும் சாப்பிடப் போன பிறகு அக்காவும் நானும் வரப்பில் உட்கார்ந்தோம்.

“தொப்பி எங்கடா?” என்றாள்.

“நாய் தின்னுருச்சுக்கா.”

“நல்லதாப் போச்சு. அதப் பாத்தாலே எனக்கு வயிறெரியும்.”

நான் அவளைப் பார்த்தேன். அவள் வேலியைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

“போன வருஷம் குதிரையெல்லாம் போனதுக்கப்புறம் வந்து பாத்தேன். படல் ஒடையல. கயிறு அறுக்கல. சுருட்டி ஓரமா வெச்சிருந்துச்சு” என்றாள். “உன்ற முடிச்ச எமனால அவுக்க முடியாதுன்னு நீதானடா சொல்லுவே.”

ஒரு வருஷம். மூன்று வேளை சோறு. ஒரு வார்த்தை கேட்கவில்லை.

“அக்கா...” என்றேன். அதற்கு மேல் வரவில்லை. எனக்கு வாய் அடைத்துப்போனதைப் பார்த்தவர்கள் இந்த உலகத்தில் இரண்டு பேர். ஒருவர் கர்னல்.

“எந்திரி. வெயில் ஏறுது, இன்னும் ரெண்டு சால் கெடக்குது” என்று அக்கா மண்வெட்டியை என் கையில் கொடுத்தாள்.

அக்டோபர் 8, திங்கள்

புதுத் தொப்பியைக் காட்டில் நிற்கும் வைக்கோல் பொம்மையின் தலையில் வைத்தேன். எனக்கு எடுப்பாக இருந்ததைவிட அதற்கு எடுப்பாக இருக்கிறது என்று மயிலா சொல்கிறாள். இருக்கட்டும். அடுத்த செப்டம்பரில் கேட்டு வாங்கிக்கொள்வேன். அதுவரைக்கும் தினம் காலையில் கொஞ்ச தூரம் ஓடிப் பழகலாம் என்று இருக்கிறேன். நரி பெயரைக் கெடுக்கக் கூடாது.

வேலியைப் புதிதாகக் கட்டினோம். முடிச்சை அக்காவுக்குச் சொல்லிக் கொடுத்தேன். மூன்று சுற்று, ஒரு உள்மடிப்பு. நான் மூன்று வருஷம் பழகியதை அவள் ஒரே தடவையில் போட்டாள், ஒரே தடவையில் அவிழ்த்தாள், திரும்பப் போட்டாள். இனி உலகத்தில் இரண்டு பேருக்கு மட்டும்தான் அது தெரியும்.

நரி பாறைமேல் உட்கார்ந்து ஆதியிலிருந்து பார்த்துக்கொண்டிருந்தது. அதையும் சேர்த்தால் மூன்று.